இருபத்து மூன்று நிமிசம்

பதினேழு படங்கள்.
கூட்டிப் பார்த்தால் அவர் திரையில் நின்றது
இருபத்து மூன்று நிமிசம்.
மிச்சம் முப்பத்தொன்பது படங்கள்
யாழ்ப்பாணத்துக்கு வரவேயில்லை.

சவேலி க்ருக்லிக்கவ்.
கதவு திறப்பவர். தந்தி கொண்டுவருபவர்.
மூன்றாவது டாங்கியின் சாரதி.
கல்யாண வீட்டில் அக்கோடியன்காரனுக்குப் பக்கத்தில்
வெள்ளரிக்காய் கடிப்பவர்.
ஒரு படத்தில் பிணம்.
அதிலும் கண்ணிமை ஒருதரம் துடித்தது,
நான் கண்டேன்.

ரஸ்தோவில் நீரியல் படித்துவிட்டு வந்தவளுக்கு
நீர்ப்பாசனக் கந்தோரில் வேலை.
மாதத்தில் ஒரு சனிக்கிழமை மட்டும்
கொக்குவிலில், நட்புறவுச் சங்க மண்டபத்தில்,
வெள்ளைத் துணிக்கு அருகே
ஒரு கதிரை, ஒரு மைக், ஒரு மேசைவிளக்கு.
காதலன், காதலி, தளபதி, சாகக் கிடக்கும் தாய்
எல்லாருக்கும் என் ஒரே தொண்டை.

கதாநாயகர்களுக்குச் செந்தமிழ் கொடுத்தேன்.
"அன்பே, போர் நம்மைப் பிரிக்காது" என்றால்
சனம் கச்சான் உடைத்துக்கொண்டிருக்கும்.
சவேலி வந்தால் மட்டும்
நாக்கு தன்பாட்டில் வீட்டுக்குப் போய்விடும்.
ரயில் கடவைக் காவலாளியாக வந்தார் ஒருமுறை.
பனிக்குள்ளால் ஓடிவந்த நாயகி
மூச்சிரைக்கிறாள்.
அவர் தொப்பியைக் கழற்றி, உதறி, திரும்பப் போடுகிறார்:

"றெயில் போட்டுது பிள்ளை.
தேத்தண்ணி இருக்கு."

மண்டபம் குலுங்கியது.
அடுத்த மாதம் வாசலிலேயே கேட்டார்கள்:
இதிலை சவேரி இருக்கிறாரோ?

அந்தப் பெயரை வைத்தவர் மரியநாயகத்தார்.
குருநகர்க்காரர், புறொஜெக்டர் அவர் பொறுப்பு.
"சவேலியாவது கிவேலியாவது.
சவேரி எண்டு சொல்லு தங்கச்சி, வாய்க்கு வரும்."
செயலாளர் அம்பலவாணர் றோணியோ நோட்டீசில் அடித்தார்:
சவேரி நடிக்கும்.
கதாநாயகன் கீழே, சின்ன எழுத்தில்.
தூதரகத்துக்கு இது தெரியாது.
சவேலிக்கும்.

எண்பத்திரண்டில் வந்த பிரதி
எட்டு ஊர் சுற்றி, ஓரத்துளைகள் கிழிந்து வந்தது.
மூன்றாம் சுருளைப் புறொஜெக்டர் கடித்தது.
மரியநாயகத்தார் நாலு முழம் வெட்டி ஒட்டினார்.
படம் ஓடியது.
இரவில் யாரோ ஒரு கதவைத் தட்டினார்கள்,
மேல்மாடி மாணவனைத் தேடி.
கதவு திறந்தது. திறந்த கணமே மூடியிருந்தது.
இடையில் இருந்தது சவேலி.

விசிலடித்தார்கள். எங்கை சவேரி?
தாளில் வசனம் இருந்தது.
மூடிய கதவைப் பார்த்து வாசித்தேன்:

"எனக்கு ஒண்டும் தெரியாது.
கதவைச் சாத்தவேணும், குளிருது."

கைதட்டினார்கள்,
இல்லாத ஆளுக்கு.

நாலு வருசம் கழித்து ஒரு சித்திரை இரவு
என் கதவைத் தட்டினார்கள்.
வந்தவர்கள் யாரென்று இப்போதும் சொல்லமாட்டேன்.
பக்கத்து வீட்டுப் பெடியனைக் கேட்டார்கள்.
அவன் என் குசினிக்குள், அரிசிப் பெட்டிக்குப் பின்னால்.
செந்தமிழ் வரவில்லை, அழுகையும் வரவில்லை.
ஆறு விநாடிக்கு மட்டும் திரைக்கு வருகிற ஒரு முகம்
எங்கிருந்தோ எனக்கு வந்தது.
இதற்கு முன்னும் கதை இல்லை, பின்னும் இல்லை,
வெள்ளரிக்காய் கடிக்கிற முகம்.
எனக்கு ஒண்டும் தெரியாது, என்றேன்.
கதவைச் சாத்தவேணும், குளிருது.

சித்திரையில்.
வியர்வை என் கழுத்தால் வழிகிறது.
டோர்ச் லைட் என் நெற்றியில் நின்றது.
ஒருத்தன் மற்றவனைப் பார்த்தான்.
விசரி போல கிடக்கு, என்று போனார்கள்.

மரியநாயகத்தார் போனபிறகு
மகள் ஒரு சிகரெட் ரின் கொண்டுவந்து தந்தாள்.
அந்த நாலு முழத்தில் ஒரு சாண்.
முப்பது கட்டம், ஒரு விநாடிக்குக் கொஞ்சம் கூட.
(இது இருபத்து மூன்று நிமிசத்தில் சேராது.)
நிறமெல்லாம் போய், பீற்றூட் அவித்த தண்ணீர்போல்
ஒரே சிவப்பு.

பல்புக்கு முன்னால் பிடித்துப் பார்த்தேன்.
பாதி திறந்த கதவு, கொண்டியில் அவர் கை.
ஒவ்வொரு கட்டமாகத் தள்ளினேன்.
எதிலும் வாய் திறக்கவில்லை.
கேட்டுக்கொண்டு நிற்கிறார்.
வெளியில் நிற்பவன்
கேள்வியை இன்னும் முடிக்கவில்லை.